மோதல் எந்தப் பிரேமில் நடக்கிறது?

ஒரு மீட்டர் உயரத்திலிருந்து ரப்பர் பந்து ஒன்றைத் தரையில் விழவிடுவோம். கை பந்தை விடும் அதே கணத்தில் எதிரே ஒரு சினிமா கேமரா ஓடத் தொடங்குகிறது. நொடிக்கு 24 படம் எடுப்பது அதன் வேகம். ஒவ்வொரு படத்திலும் பந்து எங்கே இருக்கும் என்று கணக்குப் போட்டுப் பார்க்கலாம். பள்ளியில் படித்த சூத்திரமே போதும்.

இருபத்து நான்கில் ஒரு நொடி கழிந்து பதிவாகும் முதல் படத்தில் பந்து ஒரு சென்டிமீட்டர்கூட இறங்கியிருக்காது. அதன்பின் படத்துக்குப் படம் அது கடக்கும் தூரம் 1, 3, 5, 7 என்று ஒற்றைப்படை எண்களின் விகிதத்தில் கூடிக்கொண்டே போகும். கலிலியோ கண்டு சொன்ன விகிதம் இது. பத்தாவது படத்தில் பந்து தரைக்கு 15 சென்டிமீட்டர் மேலே இருக்கும். மோதிய வேகத்தில் பத்தில் எட்டுப் பங்கோடு அது திரும்பி எழும்புகிறது என்று வைத்துக்கொண்டால், பதினோராவது படத்தில் தரையில் பட்டு எழுந்து சுமார் இரண்டு சென்டிமீட்டர் உயரத்துக்கு வந்திருக்கும்.

தரையைத் தொட்ட படம் எது? அப்படி ஒரு படமே இல்லை. தொட்ட கணம் பத்தாவது பிரேமுக்கும் பதினோராவது பிரேமுக்கும் நடுவே எங்கோ விழுந்துவிட்டது. ஆனாலும் இந்தப் படச்சுருளைத் திரையில் ஓட்டினால், பந்து தரையில் மோதி எழுந்ததைக் கண்ணால் கண்டோம் என்றுதான் எல்லோரும் சொல்வோம். படச்சுருளில் இல்லாத மோதல் பார்ப்பவருக்குள் எப்படி நடந்தது?

இந்தக் கேள்வியைக் கையில் எடுத்தவர்கள் விஞ்ஞானிகள் மட்டும் அல்லர். பரிசோதனை அனிமேஷன் கலைஞர்கள் என்று அழைக்கப்படும் ஒரு சிறு கூட்டம், நூறு ஆண்டுகளாகக் கதையையும் கதாபாத்திரத்தையும் ஓரமாக வைத்துவிட்டு, இயந்திரம், இயக்கம், மோதல் ஆகிய மூன்றையும் வைத்தே படங்கள் செய்துவந்திருக்கிறது. அந்தப் படங்களைப் புரியாத கலை என்று ஒதுக்கிவிடுவது எளிது. அவை நம் கண்ணையும் மூளையையும் பற்றிய ஆய்வுகள் என்பதே என் கட்சி.

சக்கரத்தில் பிறந்த வித்தை

அனிமேஷனின் பூர்வீகம் ஓவியக்கூடம் அல்ல; சுழலும் சக்கரம். 1820களில் பீட்டர் மார்க் ரோஜே என்ற ஆங்கில மருத்துவர், வேலிக் கம்பிகளின் இடுக்கு வழியே வண்டிச் சக்கரம் ஒன்று ஓடுவதைப் பார்த்தார். சக்கரத்தின் நேரான ஆரக்கால்கள் வளைந்து தெரிந்தன. அதற்குக் காரணம் தேடி ராயல் சொசைட்டிக்கு ஒரு கட்டுரை எழுதினார். 1831இல் மைக்கேல் ஃபாரடே இதே வகைத் தோற்றங்களை ஆராய்ந்தார். ஒன்றுக்குப் பின்னால் ஒன்றாக நின்று சுழலும் இரண்டு பற்சக்கரங்களை ஒரு குறிப்பிட்ட கோணத்தில் பார்த்தால், சக்கரம் அசையாமல் நிற்பதுபோலத் தெரிவதை அவர் விளக்கினார்.

அந்தக் காலத்து ஆலைகள் மனிதக் கண்ணுக்கு அதுவரை பழக்கமில்லாத வேகங்களைக் கொண்டுவந்திருந்தன. புதிய இயந்திரங்கள் புதிய கண்மயக்கங்களையும் பிறப்பித்தன. அவற்றை முறையாக ஆராய்ந்த பெல்ஜிய இயற்பியலாளர் ஜோசஃப் பிளாட்டோ, 1832இல் ஓர் அட்டை வட்டத்தைச் செய்தார். வட்டத்தின் விளிம்பில் சம இடைவெளியில் மெல்லிய பிளவுகள். ஒவ்வொரு பிளவுக்கும் நேராக ஒரு படம். ஒவ்வொன்றும் முந்தையதைவிடச் சற்றே மாறியிருக்கும். வட்டத்தைக் கண்ணாடிக்கு எதிரே பிடித்துச் சுழற்றி, பிளவுகள் வழியே பிம்பத்தைப் பார்க்க வேண்டும். படங்கள் குழம்பிக் கலங்காமல், ஒரே படம் உயிர்பெற்று ஆடுவதுபோலத் தெரியும். ஃபெனாகிஸ்டிஸ்கோப் என்று பெயர் பெற்ற கருவி இதுதான். ஏறக்குறைய அதே சமயத்தில் வியன்னாவில் சைமன் ஸ்டாம்ப்ஃபர் தாமாகவே இதே கருவியைச் செய்திருந்தார்.

இங்கே பிளவின் வேலை என்ன என்பதைக் கவனிக்க வேண்டும். பிளவு இல்லாமல் பார்த்தால் படங்கள் ஒன்றோடொன்று கலந்து சாம்பல் வளையமாகிவிடும். பிளவு கண்ணுக்கு ஒரு நொடித்துளி மட்டும் காட்டிவிட்டு உடனே மறைக்கிறது. அடுத்த படம் அந்த இடத்துக்கு வந்த பிறகே மறுபடியும் காட்டுகிறது. இயக்கத்தைக் காட்ட வேண்டுமானால் இயக்கத்தை மறைக்க வேண்டும். பின்னால் வந்த சினிமா புரொஜெக்டரும் இதையே செய்கிறது. படச்சுருள் ஒரு பிரேம் நகரும்போது ஷட்டர் ஒளியை அடைத்துவிடும். பிரேம் அசையாமல் நின்ற பின்பே ஒளி பாயும். திரையில் எந்த நேரத்திலும் நிலைப்படம் ஒன்றுதான் விழுகிறது. நகரும் படம் என்று நாம் சொல்வது ஒருபோதும் திரையில் இருப்பதில்லை.

பின் இயக்கம் எங்கிருந்து வருகிறது? பார்வை நிலைப்பு, அதாவது ஒரு பிம்பம் விழித்திரையில் சிறிது நேரம் தங்குவது, என்று பாடப்புத்தகங்கள் பல இன்றும் எழுதுகின்றன. அது போதிய விளக்கம் அல்ல. பிம்பங்கள் தங்குவது மட்டுமே காரணமானால், ஒன்றின்மேல் ஒன்று படிந்து கலங்கலாகத் தெரிய வேண்டுமே தவிர, பந்து நகர வேண்டிய அவசியம் இல்லை. 1910இல் ஃபிராங்க்ஃபர்ட்டில் மாக்ஸ் வெர்தைமர் செய்த சோதனைகள் இதைத் தெளிவாக்கின. இரண்டு கோடுகளை அடுத்தடுத்த இடங்களில் மாறிமாறித் தோன்றச் செய்தார். இரண்டுக்கும் இடையே 200 மில்லிநொடி இடைவெளி விட்டால், ஒன்று மறைந்து மற்றொன்று வந்ததாகத் தெரிந்தது. 30 மில்லிநொடி விட்டால் இரண்டும் ஒரே சமயத்தில் இருப்பதாகத் தெரிந்தது. 60 மில்லிநொடி அளவில் விட்டபோது ஒரே கோடு இங்கிருந்து அங்கே நகர்ந்ததாகத் தெரிந்தது. 1912இல் வெளியான அந்தக் கட்டுரை ஓர் உளவியல் மரபுக்கே தொடக்கமாயிற்று. இயக்கம் கண்ணுக்கு வந்து சேரும் பொருள் அல்ல, மூளை உண்டாக்கும் பொருள் என்பது அதன் சாரம்.

லூவன் நகரத்து இரண்டு சதுரங்கள்

இயக்கத்தை மூளை உண்டாக்குகிறது என்றால் மோதலையும் அதுவே உண்டாக்குகிறதா? பெல்ஜியத்தின் லூவன் பல்கலைக்கழகத்தில் இருந்த ஆல்பெர் மிஷோத் இந்தக் கேள்வியை எடுத்துக்கொண்டு பல ஆண்டுகள் உழைத்தார். 1946இல் அவர் வெளியிட்ட நூல் காரண காரியத்தை நாம் எப்படிக் காண்கிறோம் என்பதைப் பற்றியது.

அவர் செய்த கருவியை அனிமேஷன் இயந்திரம் என்றே சொல்ல வேண்டும். ஒரு பெரிய வட்டத் தட்டில் இரண்டு வண்ணங்களில் தடித்த வளைகோடுகள் வரையப்பட்டிருக்கும். தட்டுக்கு முன்னால் ஒரு திரை. திரையில் 15 சென்டிமீட்டர் நீளமும் 5 மில்லிமீட்டர் உயரமும் கொண்ட ஒரு கிடைப் பிளவு. பார்ப்பவருக்குப் பிளவு மட்டுமே தெரியும். வளைகோட்டில் பிளவுக்கு நேராக வரும் பகுதி அவருக்கு ஒரு சிறு சதுரமாகத் தெரியும். தட்டு சுழலும்போது, கோடு வட்ட வில்லாக இருக்கும்வரை சதுரம் அசையாது. கோடு சுருளாக விலகத் தொடங்கினால் சதுரம் பிளவின் வழியே நகரும். சுருளின் சாய்வை மாற்றினால் வேகம் மாறும். கணினி இல்லாத காலத்தில், வேகத்தையும் தாமதத்தையும் மில்லிநொடிக் கணக்கில் கட்டுப்படுத்த இதைவிட நேர்த்தியான வழி இருந்திருக்குமா என்பது ஐயமே.

முதல் சோதனை இது. பிளவின் நடுவே ஒரு சிவப்புச் சதுரம் நிற்கிறது. அதற்கு இடப்புறம் 4 சென்டிமீட்டர் தள்ளி ஒரு கறுப்புச் சதுரம். கறுப்பு புறப்பட்டு நொடிக்கு 30 சென்டிமீட்டர் வேகத்தில் சிவப்பை நோக்கி வருகிறது. வந்து தொட்டதும் நின்றுவிடுகிறது. அதே கணத்தில் சிவப்பு புறப்பட்டு வலப்புறம் போகிறது. கேரம் பலகையில் ஸ்ட்ரைக்கர் காயை அடிப்பதுபோல, கறுப்பு மோதிச் சிவப்பைத் தள்ளிவிட்டது என்றே பார்த்தவர்கள் சொன்னார்கள். அங்கே இருந்தவை மையில் வரைந்த இரண்டு கோடுகள். ஒன்றையொன்று தள்ள அவற்றுக்கு எடையும் இல்லை, விசையும் இல்லை. பார்த்தவர்களுக்கு இது தெரிந்திருந்தும் மோதல் தெரிந்தது.

பிறகு மிஷோத் தாமதத்தைக் கூட்டினார். கறுப்பு வந்து நின்ற பிறகு சிவப்பு கொஞ்சம் பொறுத்துப் புறப்பட வேண்டும். சில பத்து மில்லிநொடிகள் வரை மோதல் மோதலாகவே தெரிந்தது. நூறு மில்லிநொடியை நெருங்கியதும் சிவப்பு ஒட்டிக்கொண்டு பிரிவதுபோலத் தோன்றியது. 200 மில்லிநொடி அளவுக்குப் போனதும் மோதல் காணாமல் போயிற்று. இது வந்து நின்றது, அது தன்பாட்டுக்குப் புறப்பட்டது, அவ்வளவுதான். நொடியில் ஐந்தில் ஒரு பங்குக்குள் காரணமும் காரியமும் பிரிந்துவிட்டன.

இதன் ஆழத்தை உணர டேவிட் ஹ்யூமை நினைத்துக்கொள்ள வேண்டும். ஒரு பில்லியர்ட்ஸ் பந்து இன்னொன்றின்மேல் மோதும்போது நாம் காண்பது ஒன்றன்பின் ஒன்றாக நடக்கும் இரண்டு அசைவுகளை மட்டுமே. காரணம் என்பதை நாம் காண்பதில்லை, பழக்கத்தால் ஊகிக்கிறோம் என்று 18ஆம் நூற்றாண்டில் அவர் வாதிட்டார். மிஷோத்தின் விடை வேறு. நிறத்தையும் வடிவத்தையும் காண்பதுபோல மோதலையும் நேரடியாகவே காண்கிறோம் என்றார் அவர். ஆறு மாதக் குழந்தைகள்கூட தள்ளப்பட்டுப் போகும் பொருளையும் தானாகப் போகும் பொருளையும் வேறுபடுத்துகின்றன என்று 1987இல் ஆலன் லெஸ்லியும் ஸ்டெஃபனி கீபிளும் காட்டினார்கள். 2013இல் மார்ட்டின் ரோல்ஃப்ஸ் குழுவினர் இன்னும் ஒரு படி போனார்கள். ஒரே இடத்தில் மோதல்களைத் திரும்பத் திரும்பப் பார்த்தவர்களுக்கு, விழித்திரையின் அந்த இடத்தில் விழும் அடுத்த நிகழ்ச்சி மோதலாகத் தெரிவது குறைந்துவிட்டது. சிவப்பையே வெகுநேரம் பார்த்த கண் சிவப்புக்குச் சலித்துப்போவதைப் போன்ற விளைவு அது. ஊகமாக இருந்தால் விழித்திரையின் ஒரு குறிப்பிட்ட இடத்தோடு அது ஒட்டிக்கொண்டிருக்காது. மோதலைக் காண்பது பார்வையின் வேலை என்ற மிஷோத்தின் கருத்துக்கு இது வலுவான சான்று.

வரைபவர் கண்ட விதிகள்

ஆய்வகங்கள் இதை அளப்பதற்கு முன்பே அனிமேஷன் கலைஞர்கள் இதைக் கையால் அறிந்திருந்தார்கள். உண்மையான இரண்டு பில்லியர்ட்ஸ் பந்துகள் ஒன்றையொன்று தொட்டிருக்கும் நேரம் ஒரு மில்லிநொடிகூட இல்லை. அதில் ஏறக்குறைய கால் பங்குதான். ஒரு சினிமா பிரேமின் காலமோ 41.7 மில்லிநொடி. ஒரு பிரேமின் காலத்துக்குள் நூற்றைம்பது மோதல்களை அடுக்கிவிடலாம். ஆகவே உள்ளதை உள்ளபடி வரைந்தால் மோதல் மெலிந்து போகும். தரையைத் தொட்ட நிலையில் ஒரு படத்தைக் கலைஞர் வேண்டுமென்றே வரைகிறார். அதற்கு முந்தைய படத்தில் பந்தை நீட்டுகிறார். தொட்ட படத்தில் தட்டையாக நசுக்குகிறார். அமெரிக்க ஸ்டூடியோக்களில் 1930களில் வளர்ந்த இந்த முறை இன்றும் அனிமேஷன் பள்ளியின் முதல் பாடம். ஜப்பானிய அனிமேயில் அடி விழும் இடத்தில் ஓரிரு பிரேம்களை வெறும் வெள்ளையாகவோ கறுப்பாகவோ விடும் வழக்கமும் உண்டு. அந்தப் பிரேமைப் பார்த்ததாக யாருக்கும் நினைவிருக்காது. அடி பலமாக விழுந்தது மட்டும் மனத்தில் நிற்கும்.

இதை முழுதாக ஒரு கோட்பாடாக்கியவர் நார்மன் மெக்லாரன். ஸ்காட்லாந்தில் 1914இல் பிறந்து, 1941 முதல் கனடாவின் தேசியத் திரைப்பட வாரியத்தில் பணியாற்றியவர். ஒரு பிரேமில் என்ன இருக்கிறது என்பதைவிட இரண்டு பிரேம்களுக்கு நடுவே என்ன நடக்கிறது என்பதே முக்கியம் என்பது அவர் வாழ்நாள் முழுதும் வலியுறுத்திய கருத்து. கேமராவே இல்லாமல் படச்சுருளின்மேல் பேனாவால் நேரடியாக வரைந்தார். 1940இல் அவர் செய்த ‘டாட்ஸ்’ படத்தில் புள்ளிகள் தோன்றி, பெருகி, ஒன்றோடொன்று முட்டி, பிளந்து மறைகின்றன. அந்தப் படத்தின் ஒலியையும் அவர் வரைந்தே உண்டாக்கினார். படச்சுருளின் ஓரத்தில் ஒலிக்கென்று ஒரு மெல்லிய பட்டை இருக்கும். அதில் உள்ள கறுப்பு வெள்ளை மாறுபாடு ஒளியை விட்டுவிட்டு மறைக்க, ஒளிமின்கலம் அதை ஒலியாக்கும். அங்கே பேனாவால் கீறினால் ‘டுப்’ என்றோ ‘டிக்’ என்றோ சத்தம் வரும். பெரிய கீறலுக்குப் பெரிய சத்தம். கண் காணும் முட்டலும் காது கேட்கும் முட்டலும் ஒரே பேனாவிலிருந்து வந்தன.

இந்தச் சத்தம் வெறும் அலங்காரம் அல்ல என்பதை 1997இல் ‘நேச்சர்’ இதழில் வெளியான ஒரு சிறு ஆய்வு காட்டியது. ராபர்ட் செகுலரும் அவர் சகாக்களும் செய்த சோதனை அது. திரையின் இரு பக்கத்திலிருந்தும் இரண்டு வட்டங்கள் எதிரெதிரே வருகின்றன; நடுவில் ஒன்றின்மேல் ஒன்று பொருந்திப் பின் விலகிப் போகின்றன. சத்தமில்லாமல் பார்த்தவர்களுக்கு வட்டங்கள் ஒன்றையொன்று ஊடுருவிக் கடந்து போவதாகவே பெரும்பாலும் தெரிந்தது. அவை சந்திக்கும் கணத்தில் ஒரு சிறு ‘டிக்’ ஒலியைச் சேர்த்ததும், மோதித் திரும்புவதாகத் தெரிவது வெகுவாகக் கூடியது. படத்தில் ஒரு புள்ளியும் மாறவில்லை. காது சொன்ன சாட்சியை ஏற்றுக்கொண்டு கண் தன் தீர்ப்பை மாற்றிக்கொண்டது.

மெக்லாரன் 1957இல் செய்த ‘எ செய்ரி டேல்’ படத்துக்கு இசையமைத்தவர்கள் பண்டிட் ரவிசங்கரும் தபலா கலைஞர் சதுர்லாலும். ஒரு மனிதன் நாற்காலியில் உட்காரப் போகிறான். நாற்காலி நழுவுகிறது, துள்ளுகிறது, முட்டுகிறது. நாற்காலிக்கு முகமில்லை, வாயில்லை. அசைவின் வேகத்திலும் தயக்கத்திலுமே அதற்கு ஒரு மனம் இருப்பது தெரிந்துவிடுகிறது. 1944இல் ஃபிரிட்ஸ் ஹைடரும் மரியான் சிம்மலும் இரண்டு முக்கோணங்களும் ஒரு வட்டமும் மட்டும் நகரும் சிறு அனிமேஷனைக் காட்டியபோதும் இதுவே நடந்தது. பெரிய முக்கோணம் அடாவடி செய்கிறது, வட்டம் பயந்து ஓடுகிறது என்று பார்த்தவர்கள் கதை சொன்னார்கள்.

இயந்திரத்தின் நடனம்

இயந்திரத்தையே நாயகனாக்கிய படம் 1924இல் வந்தது. ஓவியர் ஃபெர்னான் லெஜேயும் அமெரிக்கத் திரைக்கலைஞர் டட்லி மர்ஃபியும் சேர்ந்து செய்த ‘பாலே மெக்கானிக்’. முதல் உலகப்போரின் முன்னணியில் இருந்த லெஜே, 75 மில்லிமீட்டர் பீரங்கியின் உலோகப் பகுதி வெயிலில் மின்னிய அழகு தம் ஓவியத்தையே மாற்றிவிட்டது என்று பின்னாளில் சொன்னவர். அந்தப் படத்தில் பிஸ்டன்களும் சக்கரங்களும் சமையல் பாத்திரங்களும் தாளகதியில் ஆடுகின்றன. ஒரு காட்சியில் மூட்டையைத் தோளில் தூக்கிய பெண் ஒருத்தி படியேறி வருகிறாள். மேலே வந்ததும் மறுபடியும் கீழே இருக்கிறாள், மறுபடியும் ஏறுகிறாள். ஒரே துண்டு படச்சுருள் திரும்பத் திரும்ப ஒட்டப்பட்டிருக்கிறது. சில சுற்றுகள் கழிந்ததும் அவள் நமக்கு மனுஷியாகத் தெரிவதில்லை, பிஸ்டனாகத் தெரிகிறாள். சுழற்சி என்ற ஒன்றே உயிரை இயந்திரமாகக் காட்டிவிடும் என்பதை இவ்வளவு சுருக்கமாக நிரூபித்த படம் எனக்குத் தெரிந்து வேறில்லை.

நியூசிலாந்தில் பிறந்த லென் லை இன்னொரு திசையில் போனார். 1958இல் அவர் செய்த ‘ஃப்ரீ ராடிக்கல்ஸ்’ படத்தில் கறுப்புப் படச்சுருளை ஊசியாலும் கூர்முனைகளாலும் கீறிக் கோடுகளை ஆட வைத்தார். அந்த ஆண்டு பிரஸ்ஸல்ஸில் நடந்த பரிசோதனைத் திரைப்படப் போட்டியில் அது பரிசு பெற்றது. படத்தோடு நிற்காமல் அசையும் சிற்பங்களுக்கும் போனார். ‘பிளேடு’ என்ற சிற்பத்தில் நெடிய எஃகுத் தகடு ஒன்று நிமிர்ந்து நிற்கும். அடியிலுள்ள மோட்டார் அதை உலுக்கும். வேகம் கூடக்கூடத் தகடு வளைந்து அலைபோல நெளியும். ஒரு கட்டத்தில் பக்கத்தில் தண்டின்மேல் இருக்கும் பந்தில் ‘டங்டங்’ என்று மோதத் தொடங்கும். திரையில் மூளை கற்பிக்கும் மோதல் இங்கே மெய்யாகவே காதைத் துளைக்கிறது. அவர் பெயரில் நியூ பிளிமத் நகரில் 2015 முதல் ஒரு மையம் இயங்குகிறது.

குறிபார்த்த கருவி வரைந்த படம்

இயந்திரமும் இயக்கமும் மோதலும் ஒரே புள்ளியில் சந்தித்தது ஜான் விட்னியின் பட்டறையில். அமெரிக்கரான அவர் போர் முடிந்த பிறகு ராணுவம் கழித்துக்கட்டிய ஒரு கருவியை வாங்கினார். எம்-5 என்ற விமான எதிர்ப்புப் பீரங்கிக் கணிப்பான் அது.

அந்தக் கருவியின் வேலையை ஒரு கணக்கால் விளக்கலாம். நொடிக்கு 100 மீட்டர் வேகத்தில் ஒரு விமானம் பறக்கிறது. பீரங்கிக் குண்டு அந்த உயரத்தை எட்ட இரண்டு நொடி ஆகும். விமானம் இருக்கும் இடத்தைக் குறிபார்த்துச் சுட்டால் குண்டு போய்ச் சேரும்போது விமானம் 200 மீட்டர் தள்ளிப் போயிருக்கும். எனவே இரண்டு நொடிக்குப் பிறகு அது எங்கே இருக்கும் என்று முன்கூட்டியே கணித்து அங்கே சுட வேண்டும். இன்னும் நடக்காத ஒரு மோதலை, பற்சக்கரங்களையும் மோட்டார்களையும் கொண்டு ஓயாமல் கணக்கிட்டுக்கொண்டே இருக்கும் அனலாக் கணினி அது.

விட்னி அதைப் பிரித்து, சுழலும் மேசைகளையும் கேமராவையும் அதோடு இணைத்தார். விமானத்தைத் தொடர்ந்த பற்சக்கரங்கள் இப்போது வரைபடத்தை நகர்த்தின. கேமரா பிரேம் பிரேமாக அதைப் பதிவு செய்தது. ஹிட்ச்காக்கின் ‘வெர்ட்டிகோ’ படத்துக்கு 1958இல் சால் பாஸ் வடிவமைத்த தொடக்கக் காட்சியில், பெண்ணின் கண்ணுக்குள்ளிருந்து சுழன்று எழும் சுருள்கள் விட்னியின் கைவண்ணம். தம் இயந்திரத்தால் என்னவெல்லாம் முடியும் என்று காட்ட 1961இல் ‘கேட்டலாக்’ என்ற சிறு படத்தைத் தொகுத்தார். அதைப் பார்க்கும் எவரும் அதைக் கணினி வரைகலை என்றே நினைப்பார்கள். அது முழுக்கப் பல்லும் சக்கரமும் செய்தது. கொல்வதற்கென்று செய்த கணக்கு மலர்களை வரையத் தொடங்கியது. போர்க் கருவி ஒன்றுக்கு இதைவிட நல்ல மறுவாழ்வு அமைந்ததாக நான் அறியேன்.

கணினிக்கு வந்த பழைய சிக்கல்

இன்று மோதல்களைக் கணக்கிடுவது கணினி. ஆனால் அதற்கும் பிரேம் உண்டு. ஆகவே முதலில் கண்ட பந்தின் சிக்கல் அதற்கும் உண்டு. ஒரு விளையாட்டில் பந்து நொடிக்கு 30 மீட்டர் வேகத்தில் சுவரை நோக்கிப் போகிறது. கணினி நொடிக்கு 60 முறை கணக்குப் போடுகிறது. ஒரு கணக்குக்கும் அடுத்ததற்கும் இடையே பந்து அரை மீட்டர் தாண்டிவிடும். சுவரின் கனம் 10 சென்டிமீட்டர். இந்தப் படியில் பந்து சுவருக்கு முன்னால். அடுத்த படியில் சுவருக்குப் பின்னால். இரண்டு படியிலும் பந்து சுவரைத் தொடவில்லை. ஆகவே மோதலே நடக்கவில்லை என்று கணினி முடிவு செய்துவிடும். பந்து சுவரை ஊடுருவிப் போய்விடும். இத்துறையினர் இதை டனலிங் என்கிறார்கள்.

மனிதக் கண்ணுக்கும் கணினிக்கும் உள்ள வேறுபாடு இங்கே பளிச்சென்று தெரிகிறது. இரண்டு பிரேம்களைக் கொடுத்தால் நடுவே விட்டுப்போன மோதலை நாம் தானாக நிரப்பிக்கொள்கிறோம். கணினிக்கு அதைச் சொல்லிக்கொடுக்க வேண்டியிருக்கிறது. ஒன்று, கணக்கிடும் இடைவெளியைச் சிறிதாக்கலாம், செலவு ஏறும். அல்லது, பந்து கடந்து வந்த பாதை முழுவதையும் ஒரு குழாய்போலக் கருதி, அந்தக் குழாய் சுவரை எந்தக் கணத்தில் வெட்டுகிறது என்று சமன்பாடு போட்டுக் கண்டுபிடிக்கலாம். வேகமான பொருள்களுக்கு இரண்டாவது முறையே கைகொடுக்கிறது.

எண்ணிக்கையும் ஒரு தொல்லை. திரையில் ஆயிரம் கற்கள் சரிந்தால், எது எதோடு மோதும் என்று பார்க்க 4,99,500 ஜோடிகளைச் சோதிக்க வேண்டும். அதற்குக் கிடைக்கும் நேரம் 16 மில்லிநொடி சொச்சம். அதனால் ஒவ்வொரு கல்லையும் சுற்றி ஒரு கற்பனைப் பெட்டியைக் கட்டி, பெட்டிகள் உரசாத ஜோடிகளை முதலிலேயே கழித்துவிடுகிறார்கள். ஆச்சரியம் என்னவென்றால், பறந்து மோதும் கற்களைவிட ஒன்றின்மேல் ஒன்று சும்மா அடுக்கி வைத்த கற்களே கணினியை அதிகம் படுத்தும். ஒவ்வொரு கல்லும் கீழே உள்ளதை அழுத்துகிறது, அது மேலே தள்ளுகிறது. கணக்கில் சிறு பிசகு வந்தாலும் அடுக்கு நடுங்கத் தொடங்கும். 1989 முதல் டேவிட் பராஃப் எழுதிய ஆய்வுகள் இந்தத் தொடுகைச் சிக்கலுக்கு நல்ல வழி காட்டின.

இவ்வளவு துல்லியம் பார்ப்பவருக்குத் தேவையா என்ற கேள்வி டப்ளின் டிரினிட்டி கல்லூரியில் எழுந்தது. கரோல் ஓ’சல்லிவனும் ஜான் டிங்லியானாவும் 2001இல் வெளியிட்ட ஆய்வில், கணினி மோதல்களில் வேண்டுமென்றே பிழைகளைப் புகுத்திப் பார்த்தார்கள். பொருள்களுக்கு இடையே எவ்வளவு இடைவெளி விட்டால் கண் கண்டுபிடிக்கும், எவ்வளவு தாமதம் வரை பொறுத்துக்கொள்ளும் என்று அளந்தார்கள். மிஷோத்தின் சதுரங்கள் அரை நூற்றாண்டு கழித்துக் கணினி வரைகலைக்கு அளவுகோலாக வந்து சேர்ந்தன. இயற்பியல் முழுவதையும் கணக்கிட நேரமில்லாதபோது எந்தப் பிழையைக் கண் மன்னிக்கும் என்று தெரிந்திருப்பதும் அறிவியல்தான்.

நம் கைக்கு எட்டுவது

இந்த வரலாற்றில் கலைஞரையும் விஞ்ஞானியையும் பிரித்துப் பார்க்க முடியவில்லை. பிளாட்டோ இயற்பியலாளர், அவர் செய்தது அனிமேஷன். மெக்லாரன் கலைஞர், அவர் பேனாவால் செய்ததை ஆய்வகம் அரை நூற்றாண்டு கழித்து அளந்தது. பரிசோதனை அனிமேஷனுக்குக் கலை அரங்குகளில் மட்டும் இடம் கொடுத்துவிட்டு, இயற்பியல் வகுப்பிலும் உளவியல் வகுப்பிலும் அதைக் காட்டாமல் விடுவது மாணவர்களுக்குச் செய்யும் குறை.

அறிவியல் ஆசிரியர்களுக்கும் பெற்றோருக்கும் ஒரு வேண்டுகோள். இந்தச் சோதனைகளுக்கு ஆய்வகம் தேவையில்லை. ஒரு கைபேசி, ஸ்டாப் மோஷன் படம் எடுக்கும் இலவசச் செயலி ஒன்று, இரண்டு பொத்தான்கள் போதும். செயலியை நொடிக்கு 24 படம் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரு பொத்தானைச் சிறிது சிறிதாக நகர்த்திப் படமெடுத்து, மற்றொன்றைத் தொடும்படி நிறுத்துங்கள். அடுத்த படத்திலேயே இரண்டாவது பொத்தான் நகரட்டும். ஓட்டிப் பார்த்தால் மோதல் தெரியும். பிறகு இரண்டும் அசையாமல் நிற்கும் படம் ஒன்றை நடுவே சேருங்கள். அடுத்து இரண்டு, மூன்று என்று கூட்டிக்கொண்டே போங்கள். எத்தனையாவது படத்தில் மோதல் மறைகிறது என்று பிள்ளைகளையே எண்ணச் சொல்லுங்கள். ஒரு படத்துக்கு 41.7 மில்லிநொடி என்று பெருக்கினால், தங்கள் மூளை காரணத்தையும் காரியத்தையும் எத்தனை மில்லிநொடி வரை சேர்த்துக் கட்டுகிறது என்ற அளவு அவர்கள் கைக்கே கிடைத்துவிடும்.